மாடு கவர்ந்தவனுக்கு ஏன் கல் நட்டார்கள்? வன்முறையை ராஜ் கௌதமன் படித்த விதம்

மதுரையில் ராமேஸ்வரம் பஸ் ஏறினால் திருப்புவனம், திருப்பாச்சேத்தி, மானாமதுரை, பரமக்குடி, ராமநாதபுரம் என்று ஊர்கள் வரிசையாக வரும். பாம்பன் பாலத்தைப் பார்க்கப் போகிறவர்களுக்கு இது ஏறக்குறைய நாலு மணி நேரப் பயணம், அவ்வளவுதான். எங்கள் பக்கத்து ஆட்களுக்கு மட்டும் இந்த ரோட்டில் இரண்டு தேதிகள் இருக்கின்றன. செப்டம்பர் 11, அக்டோபர் 30.

“லீவு போட்டு வர்றதா இருந்தா அந்த ரெண்டு நாளைத் தள்ளி வாப்பா.” சென்னையிலோ பெங்களூரிலோ வேலை பார்க்கும் ராமநாதபுரத்துப் பிள்ளைகளுக்கு இந்த வசனம் மனப்பாடம். எந்தச் சாதி வீடாக இருந்தாலும் அம்மாக்கள் இதைத்தான் சொல்வார்கள். கல்யாணத் தேதி பார்க்கும்போதுகூட ஜோசியருக்கு முன்னால் இந்தக் கணக்கு வந்துவிடும். அந்த நாட்களில் 144 தடை உத்தரவு போடுவது வழக்கம் (புதிய சட்டத்தில் அது 163). பஸ்கள் சுற்றிப் போகும். வாடகை வண்டியில் வரக்கூடாது என்பார்கள். டாஸ்மாக்கை அடைப்பார்கள். வெளி மாவட்டங்களிலிருந்து போலீஸ் வந்து இறங்கும். வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் மட்டும் எந்தத் தடையும் கிடையாது. அங்கே வாளும் அருவாளும் சிங்கமும் பின்னணி இசையோடு ஓடிக்கொண்டிருக்கும்.

இந்த ஸ்டேட்டஸ் வீடியோக்களைப் புரிந்துகொள்ள ஒரு தமிழ்ப் பேராசிரியரின் புத்தகங்கள் உதவும் என்று சொன்னால் நம்புவீர்களா? அவர் எழுதியது 2,000 வருஷத்துக்கு முந்தைய பாட்டுகளைப் பற்றி. பெயர் ராஜ் கௌதமன்.

முதலில் அந்த இரண்டு தேதிகள்

தெரிந்தவர்கள் இந்தப் பகுதியைத் தாண்டிப் போகலாம். தெரியாதவர்கள்தான் அதிகம் என்பதால் சுருக்கமாக.

1957-ல் முதுகுளத்தூர் பகுதியில் மறவர்களுக்கும் பள்ளர்களுக்கும், இன்று தேவேந்திரகுல வேளாளர்களுக்கும், இடையே மோதல் முற்றியது. செப்டம்பர் 10-ஆம் தேதி முதுகுளத்தூரில் அமைதிப் பேச்சு நடந்தது. பார்வர்டு பிளாக் தலைவர் முத்துராமலிங்கத் தேவரும், ராணுவத்தில் இருந்து திரும்பி வந்து தீண்டாமைக்கு எதிராக இயங்கிய இமானுவேல் சேகரனும் அதில் கலந்துகொண்டார்கள். மறுநாள் இரவு பரமக்குடியில் இமானுவேல் சேகரன் வெட்டிக் கொல்லப்பட்டார். அப்போது அவருக்கு 32 வயது. மூன்று நாள் கழித்து, செப்டம்பர் 14-ல், கீழத்தூவலில் போலீஸ் சுட்டதில் மறவர்கள் ஐந்து பேர் இறந்தார்கள். அதற்குப் பிறகு பல ஊர்களில் கொலை, தீவைப்பு. கொலை வழக்கில் கைதான தேவரை 1959-ல் நீதிமன்றம் விடுதலை செய்தது. அவர் பிறந்தது 1908 அக்டோபர் 30. அந்த நாள்தான் பசும்பொன்னில் குருபூஜை. செப்டம்பர் 11 பரமக்குடியில் நினைவு நாள். 2011-ல் அதே நினைவு நாளில் பரமக்குடியில் மறுபடியும் போலீஸ் துப்பாக்கிச் சூடு நடந்து தலித்துகள் இறந்தார்கள். இமானுவேல் சேகரனுக்கு மணிமண்டபம் கட்டப்போவதாக 2023-ல் அரசு அறிவித்தது.

ஒரு சாவு, ஒரு நினைவிடம், அங்கே வருஷா வருஷம் கூடும் கூட்டம், அந்தக் கூட்டத்துக்கு மாலையோடு வரும் அரசியல்வாதிகள். இந்த வரிசையை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். சங்கப் பாட்டுக்குள் இதை இன்னொரு தடவை சந்திப்போம்.

யார் இந்த ராஜ் கௌதமன்?

1950-ல் பிறந்தவர். இயற்பெயர் புஷ்பராஜ். வத்திராயிருப்பு பக்கம் புதுப்பட்டி. இன்றைக்கு அது விருதுநகர் மாவட்டம். ஆனால் 1985-ல் மூன்றாகப் பிரியும் வரை எல்லாமே ராமநாதபுரம் மாவட்டம்தான். 1957-ல் முதுகுளத்தூர் பற்றி எரிந்தபோது அவர் அதே மாவட்டத்தின் மேற்கு மூலையில் ஏழு வயதுப் பையன். ‘கருக்கு’ (1992) எழுதிய பாமா அவருடைய தங்கை. அந்தப் புத்தகத்தைப் படித்தவர்களுக்கு அந்த ஊர் நன்றாகத் தெரியும். சாதிச் சண்டைக்குப் பிறகு போலீஸ் சேரிக்குள் புகுந்து அடிக்க, ஆண்கள் ஒளிந்துகொள்ள, பெண்கள் மட்டும் ஊரில் மிஞ்சும் அந்தப் பக்கங்களைச் சுலபத்தில் மறக்க முடியாது.

பாளையங்கோட்டையில் படித்தார். முனைவர் பட்ட ஆய்வு அ. மாதவையாவைப் பற்றி. புதுச்சேரி அரசுக் கல்லூரிகளில் தமிழ் சொல்லிக்கொடுத்தார். 2018-ல் விஷ்ணுபுரம் விருது கிடைத்தது. 2024 நவம்பர் 13-ல் காலமானார்.

நாவலாசிரியராக அவரை அறிந்தவர்கள் நிறையப் பேர். ‘சிலுவைராஜ் சரித்திரம்’ (2002) தன்னையே கிண்டல் பண்ணிக்கொண்டு எழுதிய தன்வரலாற்று நாவல். அதில் அருவாள் வெட்டைவிட என்னை உலுக்கியது ஒரு சர்டிபிகேட். 1950-ஆம் ஆண்டு குடியரசுத் தலைவர் ஆணைப்படி பட்டியல் சாதி என்ற தகுதி இந்துக்களுக்கு மட்டும்தான். பின்னால் சீக்கியர்களையும் பௌத்தர்களையும் சேர்த்தார்கள். தலித் கிறிஸ்தவர்களுக்கு இன்று வரை இல்லை. தெருவில் தலித், சர்ச்சில் தலித், தாலுகா ஆபீசில் மட்டும் தலித் இல்லை. வேலைக்காக சிலுவைராஜ் காகிதத்தில் இந்துவாக மாறும் கட்டம் சிரிப்பாகத்தான் எழுதப்பட்டிருக்கிறது. படித்து முடித்த பிறகு சிரிப்பு நிற்காது.

ஆனால் அவருடைய பெரிய வேலை ஆய்வு நூல்கள். ‘தலித் பண்பாடு’, ‘அறம் அதிகாரம்’, ‘பாட்டும் தொகையும் தொல்காப்பியமும் தமிழ்ச் சமூக உருவாக்கமும்’, ‘ஆகோள் பூசலும் பெருங்கற்கால நாகரிகமும்’. தலைப்பைப் பார்த்தாலே செமஸ்டர் பரீட்சை ஞாபகம் வரும், ஒப்புக்கொள்கிறேன். உள்ளே இருக்கிற கேள்வி ரொம்ப எளிமையானது: வெட்டியவனும் வெட்டுப்பட்டவனும் எப்போதிலிருந்து ‘பண்பாடு’ ஆனார்கள்?

ஆகோள் என்றால் மாடு திருடுவது

ஆ என்றால் பசு. கோள் என்றால் கொள்ளுதல். ராத்திரியில் அடுத்த ஊருக்குள் புகுந்து மாட்டை ஓட்டிக்கொண்டு வருவதுதான் ஆகோள். இதைப் பாடுவது வெட்சித் திணை. பறிகொடுத்தவர்கள் துரத்திவந்து மீட்பது கரந்தை. ஸ்கூலில் பூப்பெயர்களாக மட்டும் படித்துவிட்டு விட்டோமே, அதேதான்.

மாட்டை ஓட்டிவந்த பிறகு என்ன நடக்கும் என்பதையும் இலக்கணம் துறை துறையாகச் சொல்கிறது. பாதீடு, அதாவது பங்கு பிரிப்பது. உண்டாட்டு, அதாவது கள் குடித்துக் கொண்டாடுவது. கொடை, கேட்டு வந்தவனுக்குக் கொடுப்பது. இந்த மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். வீரம் என்று நாம் பாடம் படித்ததற்குள் ஒரு பொருளாதாரம் ஓடுகிறது. மாடுதான் அன்றைய சொத்து. அதை வேகமாகப் பெருக்க வழி, பக்கத்து ஊர்க்காரனுடையதை எடுப்பது. எடுத்தவன் தனியாக வைத்துக்கொள்ள முடியாது. பிரித்துக் கொடுத்தால்தான் அடுத்த முறை கூட ஆள் வரும். பாட்டுக்காரனுக்கும் பங்கு உண்டு. அவன் பாடினால்தான் அடுத்த ஊருக்குப் பெயர் போகும்.

சண்டையில் செத்தவனுக்கு என்ன? அவனுக்குக் கல். நடுகல். பெயர் பொறித்து, மயில் பீலி சூட்டி, கள் படைத்துக் கும்பிட்டார்கள். அந்தக் கல்லைத் தவிர கும்பிட வேறு சாமி எங்களுக்கு இல்லை என்றுகூடப் புறநானூற்றில் ஒரு பாட்டு சொல்லும்.

இதெல்லாம் புலவரின் கற்பனை என்று ஒதுக்கவும் முடியாது. தேனி மாவட்டம் ஆண்டிபட்டி பக்கத்தில் புலிமான்கோம்பையில் 2006-ல் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் தமிழ் பிராமி எழுத்துள்ள நடுகற்களைக் கண்டுபிடித்தார்கள். அதில் ஒன்றில் ‘ஆகோள்’ என்ற சொல்லே இருக்கிறது. மாட்டுச் சண்டையில் இறந்த ஒருவனுக்கு, பெயரோடு, ஊரோடு நட்ட கல். அது வைகைக் கரை. அதே வைகைதான் கீழே இறங்கி மானாமதுரை, பரமக்குடி வழியாக ராமநாதபுரத்துக்கு வருகிறது. அது கடலை நெருங்கும் இடத்தில் அழகன்குளம் இருக்கிறது. அங்கே தோண்டியபோது ரோமானியப் பானை ஓடுகள் கிடைத்தன. ஆற்றின் மேல் முனையில் மாடு பிடிக்கச் செத்தவனின் கல், கீழ் முனையில் வெளிநாட்டுச் சரக்கு இறங்கிய துறைமுகம். சங்க காலம் என்று ஒரே டப்பாவில் அடைக்கிறோமே, அது ஒரே மாதிரியான சமூகம் இல்லை. ராஜ் கௌதமன் விடாமல் பிடித்துக்கொண்ட விஷயம் இது. இனக்குழுத் தலைவன், சிற்றரசன், வேந்தன் என்று அதிகாரம் கைமாறும்போது வன்முறைக்கும் வேறு பெயர், வேறு நியாயம் கிடைக்கிறது என்பது அவர் வாதம்.

திருட்டு எப்போது ‘பாதுகாப்பு’ ஆனது?

இதற்கு ஒரு அழகான சாட்சி தொல்காப்பியம். பழைய பாட்டுகளில் மாடு பிடிக்கப் போகிறவர்கள் பெரும்பாலும் அவர்களாகவே போகிறார்கள். கள்ளுக்கடையில் பழைய கடனை அடைக்க மாட்டைக் கொண்டுபோய் விடுகிறவன்கூட உண்டு. தொல்காப்பியத்துக்கு வந்தால் வெட்சிக்கு ஒரு வரையறை கொடுக்கிறார்கள். வேந்தன் அனுப்பிய படை போய், மாட்டைக் கொண்டுவந்து, பாதுகாப்பது. கவனியுங்கள். திருடியவன் அரசு ஊழியன் ஆகிவிட்டான். திருட்டு பராமரிப்பு ஆகிவிட்டது. உரையாசிரியர்கள் இன்னும் ஒரு படி மேலே போய், போரில் பசுக்களுக்குத் தீங்கு வரக்கூடாது என்றுதான் முன்கூட்டியே ஓட்டிவருகிறார்கள் என்று விளக்கம் சொன்னார்கள்.

இன்னொரு உதாரணம் எனக்கு ரொம்பப் பிடித்தது. பல்யாகசாலை முதுகுடுமிப் பெருவழுதி என்ற பாண்டியனை நெட்டிமையார் பாடுகிறார். ஒரு பாட்டில் மன்னன் அறவழியில் போர் செய்கிறவன். பசுக்களும் பார்ப்பனர்களும் பெண்களும் நோயாளிகளும் பிள்ளை இல்லாதவர்களும் பாதுகாப்பான இடத்துக்குப் போய்விடுங்கள், அம்பு விடப்போகிறோம் என்று அறிவித்துவிட்டுத்தான் தொடங்குவான். இது பாடப் புத்தகத்தில் வரும், பெருமையாகவும் இருக்கும். அதே நெட்டிமையார், அதே மன்னன், இன்னொரு பாட்டு. அதில் பகைவர் ஊர்த் தெருவில் கழுதை பூட்டி ஏர் உழுகிறார்கள், விளைந்த வயலில் தேரை ஓட்டுகிறார்கள், குடிநீர்க் குளத்தில் யானையை இறக்கிக் கலக்குகிறார்கள். அந்தப் பாட்டே அவன் செய்த வேள்விகளையும் எண்ணுகிறது.

அறிவிப்புக் கேட்டு ஓடிப்போன பிள்ளையில்லாதவர் திரும்பி வந்து எந்தக் குளத்தில் தண்ணீர் குடிப்பார்? இந்த மாதிரிக் கேள்வியைத் தமிழ் இலக்கியத்திடம் கேட்கலாம் என்று ராஜ் கௌதமன்தான் எனக்குக் கற்றுக்கொடுத்தார். ‘அறம் அதிகாரம்’ நூலில் அவர் இந்த வழியில்தான் போகிறார். அறநூல்களைப் படிக்கும்போது, யார் யாருக்கு ஒழுக்கம் சொல்கிறார்கள், யாருடைய உடம்பை அடக்கச் சொல்கிறார்கள் என்று கேட்கிறார். பூக்கோவும் நீட்சேயும் அவருக்குத் துணை. வாளால் செய்ததைச் சொல்லால் செய்ய முடியும்போது வாளை உறையில் போடலாம்.

அப்போ கவிதை எல்லாம் விளம்பரமா?

இங்கேதான் சண்டை வரும். இலங்கைப் பேராசிரியர் க. கைலாசபதி 1968-ல் ஆக்ஸ்போர்டு வெளியிட்ட நூலில் சங்கப் பாட்டைக் கிரேக்க வீரப் பாடல்களோடு வைத்துப் படித்தார். ஜார்ஜ் ஹார்ட் மாதிரி ஆட்கள் அதன் கவிதைக்கும் சடங்குக்கும் முக்கியத்துவம் கொடுத்தார்கள். ராஜ் கௌதமன் இவர்கள் தொட்ட விஷயங்களையே எடுத்து, பந்திக்கு வெளியே நின்றவன் எங்கே என்று தேடினார். பறை அடித்தவன், கட்டில் பின்னியவன், பிணம் சுட்டவன் பாட்டில் வருகிறார்கள், பங்கில் வருகிறார்களா?

பதிற்றுப்பத்தில் ஒவ்வொரு பத்துக்கும் பின்னால் பதிகம் என்று ஒன்று உண்டு, பிற்காலத்தில் சேர்த்தது. புலவர் வாங்கிய பரிசு அதில் எழுதியிருக்கும். இரண்டாம் பத்துப் பாடிய குமட்டூர்க் கண்ணனாருக்கு உம்பற்காட்டில் 500 ஊர், தென்னாட்டு வருவாயில் 38 வருஷத்துக்குப் பாகம். கணக்கு கூட்டிச் சொன்னதாகவே இருக்கட்டும். பாட்டுக்கும் வருவாய்க்கும் தொடர்பு உண்டு என்பதை மறைக்கக்கூட அவர்கள் நினைக்கவில்லை. இன்று எடிட்டிங் ஆப்பில் அருவாள் படத்துக்கு நெருப்பு எஃபெக்ட் போடும் பையனுக்கு 500 ஊர் கிடைக்காது. லைக் கிடைக்கும். பிளெக்ஸில் மூலையில் ஸ்டாம்ப் சைஸில் அவன் போட்டோ வரும்.

அருவாள் என்றதும் திருப்பாச்சேத்தி. ராமேஸ்வரம் ரோட்டில் இருக்கிற ஊர். அங்கே கொல்லர்கள் அடித்தது கருவேலம் வெட்ட, மட்டை வெட்ட, கதிர் அறுக்க. 2005-ல் வந்த ‘திருப்பாச்சி’ படத்துக்குப் பிறகு அந்த ஊர்ப் பெயரைச் சொன்னால் வேறு எதுவும் ஞாபகத்துக்கு வருவதில்லை. விவசாயக் கருவி ஒன்று ஒரே படத்தில் சுபாவம் மாறிப்போனது. பாவம் கொல்லர்கள்.

எல்லா இடத்திலும் ராஜ் கௌதமனோடு எனக்கு உடன்பாடு இல்லை. சங்கப் பாட்டுகளின் காலவரிசை இன்னும் முடிவாகாத விஷயம். எது முந்தியது, எது பிந்தியது என்பது ஆட்டம் கண்டால் ‘முதலில் இனக்குழு, பிறகு வேந்தன்’ என்ற ஏணியும் ஆடும். சில பாட்டுகளை அதிகாரத்தின் குரல் என்று மட்டும் படித்தால் அவற்றுக்குள் இருக்கிற துக்கம் கைநழுவிப் போகும் என்ற பயமும் எனக்கு உண்டு. அதற்கு ஒரு பாட்டைச் சொல்லியாக வேண்டும்.

ஒக்கூர்க்காரியின் பாட்டு

ஒக்கூர் மாசாத்தியார். ஒக்கூர் என்பது சிவகங்கை பக்கத்து ஒக்கூர்தான் என்று பலரும் சொல்வார்கள். அப்படியானால் அவரும் பழைய ராமநாதபுரம் மாவட்டத்துக்காரர். அவருடைய புறநானூற்றுப் பாட்டு நம்மில் பாதிப் பேருக்கு மனப்பாடச் செய்யுள். முன்னொரு நாள் சண்டையில் பிறந்த வீட்டு ஆண் யானையை வீழ்த்திச் செத்தான். நேற்று, மாட்டு மந்தையைக் கவர வந்தவர்களைத் தடுத்துப் புருஷன் செத்தான். இன்றைக்கும் பறை கேட்கிறது. இருக்கிற ஒரே மகனைக் கூப்பிட்டு, தலையில் எண்ணெய் தடவி வாரி, வெள்ளை உடுத்தி, கையில் வேலைக் கொடுத்து அனுப்புகிறாள்.

வீரத்தாய் என்று பாடம் நடத்தினார்கள். மார்க்கும் போட்டார்கள். ‘நேற்று’ என்று அந்தப் பாட்டில் வருவதை வகுப்பில் யாரும் நிறுத்திக் கேட்கவில்லை. புருஷன் பிணம் எரிந்த சாம்பல் ஆறியிருக்காது. ராஜ் கௌதமனின் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தால், அந்த வீட்டில் மூன்று ஆண்களையும் எடுத்துக்கொண்டது ஒரு மாட்டு மந்தைப் பொருளாதாரம். அந்தப் பையன் எண்ணெய் வைத்து வாரிவிடும் வயசில் இருக்கிறான். அவன் திரும்பி வந்தானா என்று பாட்டு சொல்வதில்லை.

பாட்டைப் பாடிய மாசாத்தியாரே இந்தத் தாயின் துணிவைப் பாராட்டுகிறாரா, பதறுகிறாரா? பாட்டின் தொடக்கத்தில் இரண்டும் கேட்கிறது. இதனால்தான் வீரப் பாட்டு எல்லாமே தலைவனின் விளம்பரம் என்று என்னால் முழுசாகச் சொல்ல முடியவில்லை.

பழம்பெருமை யாருக்கு?

இன்றைய பிரச்சினைக்கு ஒரு எச்சரிக்கை. சங்கப் பாட்டில் வரும் ‘மறவர்’ என்பது போர்வீரர்களுக்கான பொதுச் சொல். ‘மள்ளர்’ என்பதும் வீரனைக் குறித்து வரும். இந்தச் சொற்களைப் பிடித்து இன்றைய சாதிப் பெயர்களில் நேராக ஒட்டிவிட்டு, ‘புறநானூறே எங்களைப் பற்றித்தான்’ என்று இரண்டு பக்கமும் யூடியூப் சேனல் நடத்துகிறார்கள். 2,000 வருஷத்தில் சாதிகள் உருவான கதை அவ்வளவு சுலபமான நேர்கோடு கிடையாது.

ஓலைச்சுவடியில் கிடந்த புறநானூற்றை உ.வே.சாமிநாதையர் 1894-ல் அச்சாக்கினார். 1901-ல் மதுரையில் நான்காம் தமிழ்ச் சங்கம் தொடங்கியவர் பாண்டித்துரைத் தேவர். துணை நின்றவர் ராமநாதபுரம் பாஸ்கர சேதுபதி. தமிழுக்கு அவர்கள் செய்தது பெரிய காரியம், அதில் சந்தேகமே இல்லை. அங்கிருந்து அந்தப் பாட்டுகள் மேடைக்குப் போயின, மேடையிலிருந்து சினிமாவுக்கு, சினிமாவிலிருந்து நம் போனுக்கு. வழியில் பாதீடு, உண்டாட்டு, கொடை எல்லாம் உதிர்ந்துவிட்டன. மிஞ்சியது வேல் பிடித்த கை.

தலித் அரசியலும் தனக்கென ஒரு மன்னர் பரம்பரையைத் தேட வேண்டுமா என்ற கேள்வி 1990-களிலேயே வந்துவிட்டது. ராஜ் கௌதமன் அந்த வழிக்குப் போகவில்லை. அவருக்குத் தலித் பண்பாடு என்பது கேலி, கலகம், வசை, ஆட்டம், மேலே இருப்பவன் ‘ஒழுக்கம்’ என்று சொல்வதைப் பார்த்துச் சிரிக்கிற சிரிப்பு. ஆண்ட பரம்பரை என்று சொல்லிக்கொள்வதில் அவருக்கு ஆர்வம் இருந்ததில்லை. இதனாலேயே எந்தக் கட்சி பிளெக்ஸிலும் அவர் படத்தைப் பார்க்க முடியாது.

எங்கிருந்து தொடங்கலாம்?

நேராக ‘ஆகோள் பூசல்’ நூலுக்குள் குதித்தால் முதல் 20 பக்கத்தில் மூச்சு முட்டும். ‘சிலுவைராஜ் சரித்திரம்’ படித்துவிட்டு வாருங்கள். ஆளின் குரல் பழகிவிடும். பிறகு ‘தலித் பண்பாடு’. அது சின்னப் புத்தகம், ரயிலில் முடித்துவிடலாம். சங்க இலக்கிய நூல்களுக்குப் போகும்போது பக்கத்தில் ஒரு புறநானூற்று உரை இருக்கட்டும். அவர் சொல்கிற பாட்டை நீங்களும் ஒருமுறை முழுசாகப் படித்துப் பாருங்கள், அவர் சொன்னது சரியா என்று. அட்டைக்குப் பின்னாலேயே நின்றுவிடுகிறவர்களைப் பற்றி அவர் என்ன சொல்லியிருப்பார் என்று யோசித்தால் சிரிப்பு வருகிறது.

இந்தக் கட்டுரையை எழுதிக்கொண்டிருக்கும்போது ஊரிலிருந்து போன். டிக்கெட் போட்டாச்சா என்று அம்மா கேட்டார்கள். தேதியைச் சொன்னேன். விரல் விட்டு எண்ணிப் பார்த்துவிட்டு, “அப்போ பரவாயில்ல, வா” என்றார்கள்.